பீடத்துக்குக் கீழே ஒரு டி.வி.

ஜெசி, அருள், ரெண்டு பேருக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுறேன். அடுத்த அறையில் இருக்கிற பிள்ளைகளுக்கு அப்பா எதுக்குக் காகிதத்தில் எழுதிக்கிட்டு இருக்காருன்னு சிரிப்பீங்க. நேரில் உட்கார வைத்துச் சொல்லலாம்தான். ஆனால் இதை நான் வாயால் சொல்ல மாட்டேன். ஏன் என்று படித்து முடிக்கும்போது உங்களுக்கே தெரியும்.

முதலிலேயே ஒன்று சொல்லிவிடுகிறேன். பேய், பிசாசு, காத்து, கருப்பு எதிலும் எனக்கு நம்பிக்கை இருந்ததே கிடையாது. ஒன்பதாவதோடு படிப்பை விட்டவன்தான், ஆனாலும் நூல் மில்லில் இத்தனை வருஷம் மிஷினோடு நின்றவன். மிஷின் நின்றால் ஒன்று பெல்ட் அறுந்திருக்கும், இல்லை கரண்ட் போயிருக்கும், மூன்றாவதாக ஒரு காரணம் உலகத்தில் கிடையாதுன்னு சொல்லிக்கிட்டுத் திரிந்தவன். உங்க அம்மா ஊர் அகரத்துக்கு ஒரு கல்யாணத்துக்குப் போனபோது, புளியமரத்துக்குக் கீழே யாரோ நிற்கிறாங்கன்னு எல்லாரும் பயந்தப்ப, அந்த மரத்தடியிலேயே துண்டை விரித்துப் படுத்து எழுந்து வந்தவன். அப்படிப்பட்டவன் போன சனிக்கிழமை உங்க முன்னாடி பயந்து எழுந்து போனேன்.

நீங்க ரெண்டு பேரும் டி.வி.யில் அந்தத் தொடரைப் பார்த்துக்கிட்டு இருந்தீங்க. வருங்காலத்தில் மிஷின் எல்லாம் மனுஷனை உற்றுப் பார்த்து, ஒட்டுக் கேட்டு, அவனை ஆட்டி வைக்கிற மாதிரி ஒரு கதை. "அப்பா, செத்த நேரம் உக்காருங்க, சூப்பரா இருக்கு"ன்னு ஜெசி கூப்பிட்டா. நானும் உட்கார்ந்தேன். அதில் ஒரு வீட்டை டி.வி.க்கு உள்ளேயிருந்து பார்க்கிற மாதிரி ஒரு காட்சி வந்தது. நான் எழுந்துட்டேன். செருப்பைக்கூடப் போடாமல் தெருமுனை வரைக்கும் நடந்துட்டேன். பின்னாடியே அருள் சத்தம் போட்டான், "ஏய் அக்கா, அப்பா பயந்துட்டாரு!"

ஆமாம்ப்பா. பயந்துட்டேன். அந்த மாதிரி ஒரு தொடரை நான் ஏற்கெனவே பார்த்திருக்கேன். அது எந்தக் கம்பெனி எடுத்ததுன்னு இன்னைக்கு வரைக்கும் ஒருத்தருக்கும் தெரியாது.

தொண்ணூத்தெட்டு வாக்கில் நடந்தது. ஜெசி அப்போ ஒண்ணாம் வகுப்பு. அருள் எட்டு மாசக் குழந்தை. மேட்டுப்பட்டிப் பக்கம் ஒரு லைன் வீட்டில் குடியிருந்தோம், ஒரே அறை, அதற்குப் பின்னாடி ஒரு சமையற்கட்டு. முன் அறைச் சுவரில் ஒரு பலகை அடித்து அதில்தான் நம்ம பீடம். சேசுவோட திரு இருதயப் படம், மாதா சுரூபம், சின்னச் சிவப்பு பல்பு ஒன்று. சனிக்கிழமை சனிக்கிழமை நிலக்கோட்டை மல்லிகை ஒரு முழம் உங்க அம்மா வாங்கிப் போடுவா.

அந்த வருஷம் செகண்ட் ஹேண்டில் ஒரு கலர் டி.வி. வாங்கினேன். எங்கே வைக்கிறதுன்னு ஒரு பிரச்சினை. அந்த அறைக்கே பிளக் பாயிண்ட் ஒன்றுதான், அதுவும் பீடத்துக்குக் கீழே. அதனால் பீடத்துக்கு நேர் கீழே ஒரு ஸ்டூலைப் போட்டு வைத்துட்டேன்.

"சாமி படத்துக்குக் கீழ டி.வி.யா? நல்லாவா இருக்கு?"ன்னு உங்க அம்மா கேட்டா.

"பிளக்கு அங்கதானே இருக்கு? சாமியும் செத்த நேரம் நியூஸ் பாக்கட்டும்"னு நான் கேலி பண்ணினேன். இன்னைக்கு வரைக்கும் அந்தக் கேலிக்காக என் வாயிலேயே போட்டுக்கணும்போல இருக்கு.

உங்க அம்மாவுக்கு மனசு கேட்கலை. பழைய பீடத் துணி ஒன்று, ஓரத்தில் லேஸ் வைத்த வெள்ளைத் துணி, அதை எடுத்து டி.வி.க்குப் போர்த்தினா. ஜெபமாலை சொல்லும்போது டி.வி.யை நிறுத்தித் துணியைப் போட்டுடணும்னு சட்டம். அதனால் என்ன ஆச்சுன்னா, தூரத்திலிருந்து பார்த்தால் அந்த டி.வி.யும் பீடத்தில் ஒரு படி மாதிரியே ஆயிடுச்சு. ஒரு தடவை வீடு சந்திக்க வந்த பங்குச் சாமியார் வாசலில் நின்று பார்த்துட்டு, "ஏம்ப்பா சவரி, நீங்க முட்டி போடுறது மேல இருக்கிறவருக்கா, கீழ இருக்கிறதுக்கா?"ன்னு சிரித்துட்டுப் போனார். நாங்களும் சிரித்தோம்.

ஜெபமாலை முடிந்ததும் ஒவ்வொருத்தரும் அவங்கவங்க கருத்தை, என்ன வேணும்கிற வேண்டுதலை, வாய்விட்டுச் சொல்றது நம்ம வீட்டுப் பழக்கம், இப்பவும் அப்படித்தானே. ஒருத்தர் சொன்னால் மத்தவங்க எல்லாரும் சேர்ந்து "கேட்டருளும்"னு சொல்வோம். நான் ஷிப்ட் முடித்து வந்த அலுப்பில் பாதித் தூக்கத்தில்தான் சொல்வேன். யார் என்ன கேட்டாங்கன்னே காதில் விழாது. மில்லுச் சத்தத்தில் காதும் பாதி மந்தம். ஆனால் "கேட்டருளும்" மட்டும் சரியா வந்துடும்.

இனிமேல் சொல்றதை நீங்க நம்பினாலும் சரி, நம்பாட்டியும் சரி.

ஒரு நாள் சாயங்காலம் ஜெபம் முடிந்ததும் ஜெசி ஓடிப்போய்த் துணியை எடுத்துட்டு டி.வி.யைப் போட்டா. வழக்கமா வர்ற சேனல் வரலை. ஏதோ ஒரு நாடகம் ஓடிக்கிட்டு இருந்தது. கலர் டி.வி.தான், ஆனால் படம் சாம்பல் பூத்த மாதிரி இருந்தது. பேரு போடலை, பாட்டு இல்லை, விளம்பரம் இல்லை. ஒரு வீடு, அதில் நாலைந்து பேர் முட்டி போட்டு உட்கார்ந்து ஒரு பெட்டிகிட்ட ஏதோ கேட்கிறாங்க. பெட்டி கண்ணுக்குத் தெரியாது. பெட்டிக்கு உள்ளேயிருந்து அவங்களைப் பார்க்கிற மாதிரிதான் படம் பிடித்திருந்தான். முகம் சரியா விழலை, இருட்டா இருந்தது. ஆனால் அவங்க பேசின பேச்சு நம்ம பேச்சு. நீங்களே யோசித்துப் பாருங்க, அந்தக் காலத்தில் எந்த நாடகத்தில் "அம்புட்டுத்தான்", "வாரேன்"னு பேசினான்? எல்லாம் மெட்ராஸ் பேச்சாத்தான் இருக்கும். "நம்ம ஊர்க்காரன் எவனோ எடுத்திருக்கான் போல"ன்னு உங்க அம்மாவுக்குப் பெருமை.

அதில் ஒரு பெரியவர், "ராத்திரி தூக்கமே வரமாட்டேங்குது, நல்லாத் தூங்கணும்"னு கேட்டார். உடனே படத்துக்குக் கீழே எழுத்தில் ஒரே ஒரு வார்த்தை வந்தது. "கேட்டது." அடுத்த காட்சியில் அந்தப் பெரியவர் பாயில் தூங்குறார். பக்கத்தில் சோற்றுத் தட்டு வைக்கிறாங்க, அப்படியே எடுக்கிறாங்க. பொழுது விடியுது, சாயுது, அவர் தூங்குறார். வீட்டு ஆளுங்க அவரைத் தாண்டித் தாண்டி நடக்கிறாங்க. அம்புட்டுத்தான் நாடகம். படக்குன்னு மறைந்து வழக்கமான சேனல் வந்துடுச்சு.

"அந்தத் தாத்தா எப்பம்மா எந்திரிப்பாரு?"ன்னு ஜெசி கேட்டா.

"அது சயின்ஸ் கதைடி. பெட்டிகிட்ட என்ன கேட்டாலும் குடுக்குமாம். ஆனா மிஷினுதானே, அதுக்குப் புரிஞ்ச மாதிரிதான் குடுக்கும்"னு அம்மா சொன்னா. எனக்கு அந்தப் பேச்சு பிடித்திருந்தது. மில்லில் நான் பார்க்கிறதும் அதுதானே. கையை எடுக்கணும்னு நினைத்தால் மிஷினுக்குத் தெரியாது, லீவரை இழுத்தால்தான் தெரியும்.

"கேட்டது"ங்கிற அந்த எழுத்து மட்டும் எனக்கு உறுத்திக்கிட்டே இருந்தது. அவர் கேட்டது இதுன்னு சொல்றானா, இல்லை அது காதில் கேட்டதுன்னு சொல்றானா? நம்ம தமிழில் ரெண்டுக்கும் ஒரே வார்த்தைதான்.

அதுக்கப்புறம் ரெண்டு மூணு நாள் வந்தது. ஒவ்வொரு நாளும் வேற வேற வீடு, வேற ஆளுங்க. நேரம் மட்டும் ஒன்றுதான், நம்ம ஜெபம் முடிந்து துணியை எடுக்கிற நேரம். ஒரு விஷயம் நான் கவனித்தேன், அப்போ அதுக்கு அர்த்தம் புரியலை. பெட்டிகிட்ட கேட்கிற அந்த ஆளுங்க யாரும் பெட்டியைப் பார்க்க மாட்டாங்க. எல்லாரோட கண்ணும் பெட்டிக்குக் கொஞ்சம் மேலே பார்க்கும்.

அந்த வருஷம் தண்ணிக் கஷ்டம் உங்களுக்குச் சொல்லி மாளாது. பத்து நாளைக்கு ஒரு தடவை குழாயில் வந்தால் அதிசயம். ஒரு செவ்வாய்க்கிழமை ஜெபத்தில் அம்மா, "எங்க வீட்டு வாசலுக்குத் தண்ணி வரணும் ஆண்டவரே"ன்னு கேட்டா. "கேட்டருளும்"னோம். மறுநாள் புதன்கிழமை நாடகத்தில் ஒரு பொம்பளை, முகம் தெரியலை, சேலைத் தலைப்பைத் தலையில் போட்டிருக்கா, "எங்க வீட்டு வாசலுக்குத் தண்ணி வரணும்"னு கேட்கிறா. கேட்டது.

வியாழக்கிழமை விடியறதுக்குள்ள நம்ம வாசலில் மெயின் குழாய் வெடித்துடுச்சு. கணுக்கால் அளவுக்கு வீட்டுக்குள்ள தண்ணி. அரிசிச் சாக்கு ஊறிப்போச்சு, ஜெசியோட புத்தகமெல்லாம் மிதக்குது. உங்க அம்மா சேலையைத் தூக்கிச் செருகிக்கிட்டு, ஒரு கையில் குழந்தை, ஒரு கையில் குடம், சிரிக்கிறா. "கேட்டேன்ல, வந்துருச்சு பாருங்க, வாசலோட நிக்காம உள்ளயே வந்துருச்சு!" பக்கத்து வீட்டுக்காரம்மா எட்டிப் பார்த்து, "ஏ பிலோமி, அடுத்த வாட்டி கேக்கும்போது எம்புட்டுத் தண்ணின்னு அளவு சொல்லிக் கேளுடி"ன்னு கேலி பண்ணினா. எல்லாரும் சிரித்தோம். நேத்து நாடகத்தில் வந்ததும் இதே வார்த்தைதானேன்னு எனக்கு மட்டும் நினைப்பு ஓடிச்சு. அதை நான் யாரிடமும் சொல்லலை.

இப்போ அருள் விஷயத்துக்கு வாரேன்.

அருளு, நீ பிறந்ததிலிருந்து ஓயாத அழுகை. வயிற்று வலியோ என்னவோ, பகலும் அழுவ, ராத்திரியும் அழுவ. லைன் வீட்டில் ஆறு குடும்பம், ஒருத்தர் விடாமல் புலம்புவாங்க. உங்க அம்மா மெலிஞ்சு பாதியாயிட்டா. நான் மிஷின் முன்னாடி நின்றுகொண்டே தூங்கி, ஒரு நாள் கை போயிருக்கும், மயிரிழையில் தப்பித்தேன். பாவம் ஜெசியால் படிக்க முடியாது. காதில் பஞ்சு வைத்துக்கிட்டு வீட்டுப்பாடம் எழுதுவா, நான்தான் மில்லிலிருந்து பஞ்சு கொண்டுவந்து கொடுத்தேன்.

வெள்ளிக்கிழமை ஜெபத்தில் ஜெசியோட முறை வந்தது. அவ வழக்கமா பரீட்சைக்கும் பென்சில் டப்பாவுக்கும் கேட்பா. அன்னைக்குக் கண்ணை இறுக்க மூடிக்கிட்டு, கையைக் கூப்பிக்கிட்டு, "சேசுவே, எங்க தம்பி இனிமே அழவே கூடாது"ன்னு கேட்டா.

நாங்க "கேட்டருளும்"னோம்.

ஜெசி, இதைப் படிக்கும்போது உனக்கு நெஞ்சு அடைக்கும்னு தெரியும். அதுக்காகத்தான் பதினோரு வருஷமா சொல்லலை. ஒன்று மட்டும் தெரிஞ்சுக்கோம்மா. நீ ஆறு வயசுப் பிள்ளை, தம்பிக்கு வலி போகணும்னுதான் உன் மனசு கேட்டது, வாயில் வந்த வார்த்தைதான் வேற. அன்னைக்கு அந்த வீட்டிலேயே சத்தமா, முழு மனசோட "கேட்டருளும்"னு சொன்னவன் நான். நல்ல விழிப்போட சொன்னேன்.

மறுநாள் சனிக்கிழமை. பேய்க் கதை சொல்றவங்க ராத்திரி, அமாவாசைன்னு சொல்வாங்க. இது பட்டப்பகல் மூணு மணி, மண்டையைப் பிளக்கிற வெயில். காலை ஷிப்ட் முடித்துட்டு முடி வெட்ட முருகேசன் சலூனில் உட்கார்ந்திருந்தேன். அவன் கடையில் மூலையில் ஒரு சின்ன டி.வி. மாட்டியிருப்பான். ஒரு பக்கம் வெட்டி முடித்துட்டு மறுபக்கம் கத்தரியை வைக்கப் போறான். எனக்கு முன்னாடி இருந்த கண்ணாடியில் டி.வி. தெரியுது. அதில் அந்தச் சாம்பல் படம்.

நான் திரும்பிப் பார்த்தேன். முருகேசன், "சவரிண்ணே, ஆடாதீங்க, காதை வெட்டிருவேன்"ன்னான்.

அதே மாதிரி ஒரு அறை. அதே மாதிரி கீழேயிருந்து மேலே பார்க்கிற படம். இந்தத் தடவை யாரும் முட்டி போடலை, வெறும் அறை. ஒரு பொம்பளை குடத்தை எடுத்துக்கிட்டு வாசலைத் தாண்டிப் போறா. ஒரு சின்னப் பிள்ளை அந்தப் பக்கம் திரும்பி உட்கார்ந்து எழுதிக்கிட்டு இருக்கு. நடுவில் உத்திரத்தில் சேலைத் தொட்டில் தொங்குது. தொட்டில் ஆடலை. சுத்துது. மெதுவா, ஒரே பக்கமா, ஒரே பக்கமா சுத்திக்கிட்டே இருக்கு. யாரும் தொடலை. சேலை மேலேயிருந்து முறுக்கிக்கிட்டே கீழே வருது, ஈரத் துணியைப் பிழியிற மாதிரி.

படத்துக்குக் கீழே எழுத்து வந்தது. கேட்டது.

நான் பார்த்தது அந்த எழுத்தை இல்லை. தொட்டில் கட்டியிருந்த கயிறை. எங்க மில்லில் மூட்டை கட்டுறதுக்கு ஒரு வெள்ளைக் கயிறு உண்டு, நடுவில் ஒரு சிவப்பு இழை ஓடும். கடையில் கிடைக்காது. அருளுக்குத் தொட்டில் கட்ட நான்தான் எட்டு முழம் கேட்டு வாங்கிட்டு வந்தேன். முழுப் படமும் சாம்பலா இருக்க, அந்தக் கயிற்றில் இருந்த ஒரு இழை மட்டும் சிவப்பாத் தெரிந்தது.

அப்போதான் எனக்குப் புரிந்தது, அந்த நாடகத்து ஆளுங்க ஏன் பெட்டிக்குக் கொஞ்சம் மேலேயே பார்க்கிறாங்கன்னு. பெட்டிக்கு மேலேதானே பீடம்.

எப்படி எழுந்தேன், எப்படி ஓடினேன்னு தெரியலை. கழுத்தில் சலூன் துணி, தலையில் ஒரு பக்கம் மொட்டை மாதிரி, ஒரு பக்கம் காடு மாதிரி. பின்னாடி முருகேசன், "அண்ணே! அண்ணே! துணிய குடுத்துட்டு ஓடுங்கண்ணே!"ன்னு கத்துறான். தெருவில் ஒருத்தன், "யாருப்பா விரட்டுறா, போலீஸா பொண்டாட்டியா?"ன்னு கேட்டுச் சிரித்தான். நாலு தெரு. அந்த நாலு தெருவும் நாற்பது மைல் மாதிரி இருந்தது. காது மந்தமான எனக்கு, அந்தத் தூரத்திலும் ஒன்றே ஒன்றுக்காகக் காது ஏங்கிச்சு. ஒரு அழுகைச் சத்தம் கேட்காதான்னு. எட்டு மாசமா எதை நிறுத்தச் சொல்லி வேண்டினேனோ, அது ஒரே ஒரு தடவை கேட்காதான்னு.

லைன் வீடே அமைதியா இருந்தது.

உள்ளே போனால், படத்தில் பார்த்த அதே மாதிரி. ஜெசி காதில் பஞ்சோட அந்தப் பக்கம் திரும்பி எழுதிக்கிட்டு இருக்கா. அம்மா குழாயடிக்குப் போயிருக்கா. தொட்டில் கயிறு மாதிரி முறுக்கி நிற்குது, அடியில் ஒரு சின்ன மூட்டை, சேலை வழியா மூக்கும் வாயும் அச்சுப் போட்ட மாதிரித் தெரியுது. நான் அதை எந்தப் பக்கம் சுத்திப் பிரித்தேன்னு எனக்கு நினைவில்லை. அரிவாள்மணையும் அறுந்த கயிறும் கீழே கிடந்துச்சாம், அதை வைத்துத்தான் நான் அறுத்திருக்கேன்னு அம்மா சொல்றா. பிள்ளையைக் கையில் எடுத்தால் உடம்பு நீலம். தலை தொங்குது. உள்ளங்காலில் அடித்தேன், முதுகில் தட்டினேன், வாயில் வாய் வைத்து ஊதினேன். யாரும் சொல்லிக் கொடுக்கலை. அம்மா வாசலில் வந்து நின்று குடத்தைப் போட்ட சத்தம் மட்டும் கேட்டது.

பிள்ளை ஒரு மூச்சு இழுத்தான். நெஞ்சு ஏறி இறங்கிச்சு. நீலம் போய்ச் சிவப்பாச்சு. கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தான்.

அழலை.

ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்கு ஓடினோம். டாக்டரம்மா பார்த்துட்டு, "நல்ல நேரத்துல எடுத்திருக்கீங்க. புள்ள அழுதானா?"ன்னு கேட்டாங்க. இல்லைன்னோம். ஊசி போட்டாங்க. முகத்தைச் சுளித்தான், காலை இழுத்தான், வாயைத் திறந்தான். சத்தம் வரலை. "பயந்திருக்கான், ரெண்டு நாள்ல சரியாயிரும்"னு சொன்னாங்க.

வீட்டுக்கு வந்ததும் நான் முதலில் டி.வி.கிட்டப் போனேன். துணி போர்த்தியபடியே இருந்தது. அம்மா இஸ்திரிப் பெட்டி போடுறதுக்காகக் காலையிலேயே பிளக்கைப் பிடுங்கி வைத்திருந்தா. துணியை எடுத்துட்டுப் பின்பக்கம் கை வைத்தேன். சூடா இருந்தது. வெயில் காலம், ஓட்டு வீடு, எதைத் தொட்டாலும் சூடாத்தான் இருக்கும்னு நீங்க சொல்வீங்க. சரி, இருக்கட்டும்.

கேபிள்காரத் தம்பியைக் கேட்டேன். "அந்த நம்பர்ல நாங்க எதையுமே விடலையேண்ணே, வெறும் புள்ளி புள்ளியாத்தான் வரும்"னு சொன்னான். சலூன் துணியைக் கொடுக்கப் போனப்ப முருகேசனைக் கேட்டேன், அன்னைக்கு டி.வி.யில் என்னப்பா ஓடிச்சுன்னு. "டி.வி.யா? கரண்டு போயி அரை மணி நேரமாச்சுண்ணே, அதான நான் விசிறியக் குடுத்து உங்கள உக்கார வச்சேன்"னான். அந்த விசிறி என் கையில் இருந்தது எனக்கு நினைவு இருக்கு.

அது பிள்ளையைக் கொல்லப் பார்த்ததா, காப்பாத்தச் சொல்லி எனக்குக் காட்டிச்சா, இன்னைக்கும் தெரியலை. நான் போய் அறுத்திருக்காட்டி, கேட்டதை ஒரு வழியில் கொடுத்து முடித்திருக்கும். நான் தடுத்ததால் இன்னொரு வழியில் கொடுத்துடுச்சுன்னு சில நேரம் தோணும்.

அந்த டி.வி.யை அன்னைக்கே வீட்டை விட்டு வெளியேத்திட்டேன். ஏழு வருஷம் நம்ம வீட்டில் டி.வி. கிடையாது. கஞ்சன், கஞ்சன்னு என்னைத் திட்டுவீங்களே, அதுக்குக் காரணம் இதுதான். அப்புறம் உங்க நச்சரிப்புத் தாங்காமல் வாங்கினேன். பீடத்தை எதிர்ச் சுவருக்கு மாத்தினதும் நான்தான், வாஸ்துன்னு பொய் சொன்னேன்.

அருளு, இப்போ உனக்குப் பதினொன்று முடிந்து பன்னிரண்டு. அந்தச் சனிக்கிழமைக்கு அப்புறம் நீ அழுததே கிடையாது. இது உனக்கும் தெரியும். நாலு வயசில் கொதிக்கிற ரசத்தைக் காலில் கொட்டிக்கிட்ட, அழலை. ரெண்டாம் வகுப்பில் கை முறிந்து எலும்பு தோலைத் தள்ளிக்கிட்டு நின்றது, வாத்தியார் அழுதார், நீ அழலை. தாத்தா செத்தப்ப அகரத்தில் உன்னைப் பார்த்து, "கல்நெஞ்சுக்காரப் பய, கண்ணுல பொட்டுத் தண்ணி வருதா பாரு"ன்னு பேசினாங்க. அந்தத் தாத்தா மேல நீ எம்புட்டு உசிரா இருந்தன்னு எனக்குத் தெரியும். கண் டாக்டர்கிட்டக் கூட்டிட்டுப் போனேன். கண்ணில் கோளாறு இல்லைன்னுட்டார். உண்மைதான், சின்ன வெங்காயம் உரித்தால் உனக்குக் கண்ணில் தண்ணி கொட்டுது. அழுகைதான் வரலை.

போன வருஷம் நீ என்கிட்டக் கேட்டது உனக்கு நினைவிருக்கா? சைக்கிளில் போகும்போது பின்னாடி உட்கார்ந்துக்கிட்டுக் கேட்ட. "அப்பா, எல்லாருக்கும் அழுகை எப்படிப்பா வருது? எனக்குத் தொண்டை வரைக்கும் வருது. அப்புறம் யாரோ டக்குன்னு அமுத்தி நிறுத்துற மாதிரி இருக்கு." நான் பெடலை மிதித்தேன். ஏத்தம், மூச்சு வாங்குதுன்னு சொன்னேன். அங்கே ஏத்தமே கிடையாது.

இப்போ நான் ஏன் இதை எழுதுறேன்னு சொல்றேன். தினமும் ஜெபம் முடிந்து கருத்துச் சொல்லும்போது, "அப்பா, உங்க கருத்து?"ன்னு ஜெசி கேட்பா. "மனசுக்குள்ள சொல்லிட்டேன்"னு நான் சொல்வேன். "இது என்னப்பா, எங்கள மட்டும் சத்தமாச் சொல்லச் சொல்றீங்க"ன்னு சண்டை போடுவீங்க. பதினோரு வருஷமா என் கருத்து ஒன்றே ஒன்றுதான். என் மகன் ஒரே ஒரு தடவை வாய்விட்டு அழணும். சாமிக்கு மனசு கேட்கும்னு நம்பித்தான் உள்ளுக்குள்ளேயே சொல்றேன். ஏன்னா இப்போ இருக்கிற டி.வி.யும் நம்ம ஜெபம் சொல்ற அதே அறையில்தான் இருக்கு, நம்ம முதுகுப் பக்கம். நிறுத்தினாலும் அதில் ஒரு சின்னச் சிவப்பு விளக்கு எரியும், பார்த்திருப்பீங்க. ஜெபம் நடக்கும்போது என் பிடரியில் அது படுற மாதிரியே இருக்கும்.

நான் அதை வாய்விட்டுக் கேட்டால், கேட்டது கிடைத்துடும்னுதான் பயம். அருள் அழணும்னா, அவன் அழுற மாதிரி என்ன நடக்கணும்? அதை எப்படி நடத்தலாம்னு மிஷின்தானே முடிவு பண்ணும்.

ரெண்டு பேரும் இதை மனசுக்குள்ளேயே படிங்க. வாய்விட்டுப் படிக்காதீங்க.